புறம்போக்கு நோட்டீஸ் வந்துவிட்டதா? முதல் நாளிலிருந்து இடிப்பு நாள் வரை ஒரு முழு வழிகாட்டி

தலையாரி ஒரு தாளை நீட்டுகிறார். “கையெழுத்துப் போட்டு வாங்கிக்குங்க” என்கிறார். பக்கத்து வீட்டிலிருந்து ஒரு குரல்: “வாங்காதீங்க, வாங்கினா ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்!” கதவு சாத்தப்படுகிறது.

தமிழ்நாட்டில் பல ஆக்கிரமிப்பு வழக்குகள் வலுவிழப்பது இந்த இடத்தில்தான். நோட்டீஸை வாங்க மறுத்தால் கதவில் ஒட்டிவிட்டுப் போகலாம், அது சட்டப்படி சேர்ப்பித்ததாகவே கொள்ளப்படும். நாள் கணக்கு ஓடத் தொடங்கிவிடும், உங்கள் கையில் மட்டும் தாள் இருக்காது. எனவே முதல் வேலை, நோட்டீஸை வாங்குவது. கையெழுத்துக்குக் கீழே தேதியையும் நேரத்தையும் எழுதி, “நகல் பெற்றேன், உள்ளடக்கத்தை ஏற்கவில்லை” என்று ஒரு வரி சேருங்கள். கதவில் ஒட்டியிருந்தால் பிய்ப்பதற்கு முன் தேதி தெரியும்படி போட்டோ எடுங்கள். நோட்டீஸில் போட்ட தேதி ஒன்றாகவும், ஒட்டப்பட்ட தேதி வேறாகவும் இருப்பது அபூர்வமல்ல. அந்த இடைவெளி பின்னால் உதவும்.

இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நிலம் உங்களுக்கே நிற்கும் என்று சட்டம் எந்த உத்தரவாதமும் தரவில்லை. அகற்றுவதற்கு முன்னால் காரணத்தைச் சொல்ல வேண்டும், உங்கள் பதிலைக் கேட்க வேண்டும், அதற்கு எழுத்தில் முடிவு தர வேண்டும், மேலே முறையிட அவகாசம் தர வேண்டும். சட்டம் தரும் பாதுகாப்பு இவ்வளவுதான். நில உரிமை வேறு, இந்த நடைமுறை உரிமை வேறு. நிலத்தில் உரிமையே இல்லாதவருக்கும் இரண்டாவது உண்டு. இரண்டையும் குழப்பிக்கொண்டு, “எனக்குத்தான் பட்டா இல்லையே, என்ன பேச முடியும்” என்று சும்மா இருப்பவர்கள் இரண்டையும் இழக்கிறார்கள்.

இது எங்கிருந்து வந்த உரிமை? 1985-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஓல்கா டெல்லிஸ் வழக்கு பம்பாய் நடைபாதைவாசிகளைப் பற்றியது. வழக்குப் போட்டவர்களால் நடைபாதையைத் தக்கவைக்க முடியவில்லை. ஆனால் பிழைப்பு என்பது அரசியல் சாசனத்தின் 21-ஆவது பிரிவு காக்கும் உயிர் வாழும் உரிமையின் ஒரு பகுதி என்றும், அகற்றும் முன் அவர்கள் பேச்சைக் கேட்பதே பொது விதி என்றும் நீதிமன்றம் சொன்னது. மழைக்காலம் முடியும்வரை அகற்றக் கூடாது என்றும் உத்தரவிட்டது. அதற்கும் முன்பே, 1961-இல், பிஷன் தாஸ் வழக்கில், அரசு தன் நிலம் என்று நம்பினாலும் வெறும் நிர்வாக உத்தரவைக் கொண்டு ஆட்களை அப்புறப்படுத்த முடியாது என்று அதே நீதிமன்றம் கண்டித்திருக்கிறது.

முதல் படி: எந்தச் சட்டத்தில் வந்த நோட்டீஸ்?

தாளின் மேற்பகுதியில் சட்டத்தின் பெயரும் பிரிவு எண்ணும் இருக்கும். அதைப் பொறுத்துத்தான் எல்லாமே.

வருவாய்த் துறை நிலமென்றால் பெரும்பாலும் 1905-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டம். அதில் இரண்டு நோட்டீஸ்கள் உண்டு. 7-ஆவது பிரிவின் கீழ் வருவது, “உங்கள் மீது ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று இந்தத் தேதிக்குள் சொல்லுங்கள்” எனக் கேட்பது. 6-ஆவது பிரிவின் கீழ் வருவது, “இத்தனை நாளுக்குள் காலி செய்யுங்கள்” என்று சொல்வது. தாலுகா அலுவலகத்தில் இவற்றை ‘ஏழு நோட்டீஸ்’, ‘ஆறு நோட்டீஸ்’ என்றே பேசுவார்கள். எண் வரிசைக்கு மாறாக ஏழு முதலில் வர வேண்டும், ஆறு பிறகு. ஏழு இல்லாமல் நேராக ஆறு வந்தாலோ, ஏழுக்கு நீங்கள் கொடுத்த பதிலைப் பற்றி ஒரு வார்த்தை இல்லாமல் ஆறு வந்தாலோ, அங்கேயே ஒரு பெரிய குறை இருக்கிறது. ஒரே நாளில் இரண்டையும் சேர்த்துக் கொடுப்பதும் அப்படித்தான்.

பொதுப்பணித் துறை, நீர்வளத் துறை ஏரிகளென்றால் 2007-ஆம் ஆண்டின் ஏரிகள் பாதுகாப்பு மற்றும் ஆக்கிரமிப்பு அகற்றல் சட்டம் வரும். முதலில் அளவை செய்து எல்லையை நிர்ணயிக்க வேண்டும், பிறகுதான் நோட்டீஸ். இந்தச் சட்டம் ஆக்கிரமிப்பாளரின் பேச்சைக் கேட்கவே இடம் தரவில்லை என்று வழக்கு வந்தபோது, சென்னை உயர் நீதிமன்றம் 2010-இல், டி.எஸ்.செந்தில்குமார் வழக்கில், விளக்கம் தர வாய்ப்பளித்த பிறகே அகற்ற வேண்டும் என்று சொல்லி வைத்தது.

மத்திய அரசின் நிலமும் கட்டடமும் என்றால் 1971-ஆம் ஆண்டின் பொது வளாகச் சட்டம். ரயில்வே, துறைமுகம், பொதுத்துறை நிறுவனங்கள் இதைத்தான் எடுப்பார்கள். இதில் முடிவெடுப்பவர் எஸ்டேட் ஆபீசர். அவர் உத்தரவுக்கு மேல்முறையீடு மாவட்ட நீதிபதியிடம், அதுவும் 12 நாளுக்குள். வக்கீலைத் தேடுவதிலேயே பத்து நாள் போய்விடும் என்பதால் இதில் மட்டும் கொஞ்சம் பதற்றம் நல்லது.

கோயில் நிலமென்றால் அது அரசு நிலமே அல்ல. இந்து சமய அறநிலையச் சட்டத்தின் 78, 79 பிரிவுகளில் தனி நடைமுறை இருக்கிறது. வன நிலத்தில் வாழும் பழங்குடியினருக்கும் பிற வனவாசிகளுக்கும் 2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் ஒரு வலுவான கவசம்: உரிமைக் கோரிக்கையைப் பரிசீலித்து முடிக்கும்வரை வெளியேற்றக் கூடாது என்று 4(5)-ஆவது பிரிவு சொல்கிறது. கிராம சபையில் மனு கொடுத்ததற்கான அத்தாட்சியைப் பத்திரமாக வைத்திருங்கள். தள்ளுவண்டி, தரைக்கடைக்காரர்களுக்கு 2014-ஆம் ஆண்டின் தெரு வியாபாரிகள் சட்டம். அதில் கணக்கெடுப்பு முடியும்வரை அகற்றத் தடை உண்டு, இடம் மாற்ற 30 நாள் நோட்டீஸும் உண்டு. மூன்றுமே தனித்தனிப் பெரிய விஷயங்கள். இங்கே வருவாய்த் துறை நிலத்தோடு நிற்கிறேன்.

நோட்டீஸில் எந்தப் பிரிவும் போடாமல், “ஆக்கிரமிப்பை உடனே அகற்றவும்” என்று மட்டும் இருந்தால்? அதையும் வாங்கிக்கொண்டு, எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவில் இது தரப்பட்டது என்று எழுத்தில் கேளுங்கள். வாயால் கேட்டால் வாயாலேயே பதில் வரும்.

இரண்டாம் படி: நிலத்தின் ஜாதகத்தை எடுங்கள்

வக்கீலைப் பார்க்கும் முன் இதைச் செய்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. நோட்டீஸில் இருக்கும் சர்வே எண்ணுக்கு அ-பதிவேடு, சிட்டா, அடங்கல், புல வரைபடம் நான்கையும் எடுங்கள். நகரமென்றால் நகர நில அளவைப் பதிவேடு. பலவற்றை இணையத்திலேயே பார்க்கலாம், இல்லையென்றால் இ-சேவை மையத்தில் கிடைக்கும். பழைய பதிவேடுகள் வேண்டுமென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி மனுப் போடுங்கள். 30 நாள் ஆகலாம் என்பதால் நோட்டீஸ் வந்த அன்றே போடுவது நல்லது.

பார்க்க வேண்டியது முதலில் சர்வே எண். நீங்கள் இருக்கும் இடமும் நோட்டீஸில் சொன்ன எண்ணும் ஒன்றுதானா? உட்பிரிவு சரியா? 1980-களில் நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த யூ.டி.ஆர். திட்டத்தில் உட்பிரிவு மாறியும் பட்டாதாரர் பெயர் விட்டுப்போயும் வந்த தவறுகள் தமிழ்நாட்டில் ஏராளம். பட்டா நிலம் பதிவேட்டில் ‘சர்க்கார் புறம்போக்கு’ என்று ஏறியிருந்தால், உங்கள் வழக்கு ஆக்கிரமிப்பு வழக்கே அல்ல, பதிவேட்டுத் திருத்த வழக்கு. சந்தேகம் இருந்தால் உங்கள் முன்னிலையில் அளக்கச் சொல்லி மனுக் கொடுங்கள். அளக்காமலே இத்தனை சதுர மீட்டர் என்று எண் போட்டிருந்தால், எந்த அளவையின்படி என்று கேட்பது நியாயமான கேள்வி.

அடுத்தது வகைப்பாடு. புறம்போக்கு என்ற ஒரே சொல்லுக்குள் பல சாதி நிலம் இருக்கிறது. வருவாய்த் துறை இதை ஆட்சேபனையுள்ளது, ஆட்சேபனையற்றது என்று பிரிக்கிறது. ஏரி, குளம், ஓடை, வாய்க்கால், சாலை, மேய்க்கால் முதலியவை ஆட்சேபனையுள்ளவை. கல்லாங்குத்து (பாறை நிலம்), தரிசு போன்றவை பெரும்பாலும் ஆட்சேபனையற்றவை, அவற்றில் வீடு கட்டியவர்களுக்கு அரசு அவ்வப்போது வரன்முறைப்படுத்திப் பட்டா தந்திருக்கிறது. 2025 பிப்ரவரியில்கூட, சென்னையைச் சுற்றி, பட்டா தரத் தடை இருந்த ‘பெல்ட்’ பகுதியிலும் மற்ற நகரங்களிலும் சுமார் 86,000 பேருக்குப் பட்டா தர அமைச்சரவை முடிவெடுத்தது. உங்கள் நிலம் இந்த வகையென்றால் வெளியேற்றத்தை எதிர்ப்பதோடு நிற்காமல், வரன்முறைக்கும் சேர்த்து மனுக் கொடுங்கள்.

கிராம நத்தம் வேறு கதை. நத்தம் குடியிருப்புக்கென்றே விடப்பட்டது, அது அரசுக்கு உடைமையாகாது என்று சென்னை உயர் நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. ஆகவே நத்தத்தில் வீடு கட்டிக் குடியிருப்பவருக்கு 1905 சட்டத்தின் கீழ் நோட்டீஸ் வந்தால், முதல் எதிர்வாதமே “இந்தச் சட்டம் இங்கே செல்லாது” என்பதுதான்.

அரசு ஒப்படை செய்து பட்டா கொடுத்த நிலமென்றால், அந்த ஒப்படையை முறையாக விசாரித்து ரத்து செய்யாதவரை உங்களை ஆக்கிரமிப்பாளர் என்று அழைக்க முடியாது. நிபந்தனை மீறல் என்று சொன்னாலும் ரத்துக்கே தனி நோட்டீஸ், தனி விசாரணை வேண்டும்.

நீர்நிலை என்றால் உண்மையை நேராகச் சொல்கிறேன்: நிலத்தைத் தக்கவைப்பது ஏறக்குறைய நடக்காத காரியம். உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2015-இல், டி.கே.சண்முகம் வழக்கில், நீர்நிலைகளைக் காக்க வேண்டியது எந்தச் சட்டத்தின் கீழ் வருகிறது என்ற கேள்வியையும் தாண்டியது என்று உறுதியாகச் சொல்லிவிட்டது. பொதுப் பயன்பாட்டு நிலங்கள் பற்றி 2011-இல் ஜக்பால் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றமும் அதே திசையில்தான் நின்றது. வீட்டு வரி ரசீது, மின் இணைப்பு, ரேஷன் கார்டு எதுவும் குளத்தை வீட்டுமனை ஆக்காது. இங்கே உங்கள் சக்தியை அளவை, அவகாசம், மாற்று இடம் ஆகிய மூன்றில் செலவிடுங்கள்.

மூன்றாம் படி: எந்த வாதம் என்று முடிவெடுங்கள்

இதில்தான் நிதானம் வேண்டும். அரசு நில வழக்கில் பேசக்கூடியவை அடிப்படையில் இரண்டு. ஒன்று, “இது என் நிலம், அரசுக்கு உரிமையில்லை.” மற்றது, “இது அரசு நிலம்தான், ஆனால் நெடுநாளாக இங்கே வாழ்கிறேன், வரன்முறை செய்யுங்கள் அல்லது மாற்று இடம் கொடுங்கள்.” ஒரே கடிதத்தில் இரண்டையும் கலந்து கொட்டினால் ஒன்று மற்றதைத் தின்றுவிடும்.

பி-மெமோவை எடுத்துக்கொள்ளுங்கள். ஆக்கிரமிப்புக்கு வி.ஏ.ஓ. எழுதும் பி-மெமோவும், அதற்காகக் கட்டிய தண்டத் தீர்வை ரசீதும், நீங்கள் எத்தனை ஆண்டாக அங்கே இருக்கிறீர்கள் என்பதற்கு அருமையான சான்று. மக்கள் அதைப் பட்டாவுக்கு அடுத்த படி என்று நினைத்து இரும்புப் பெட்டியில் வைத்திருப்பார்கள். ஆனால் அதே தாள், நீங்கள் ஆக்கிரமிப்பாளர் என்று அரசு எழுதியதற்கும், நீங்கள் மறுக்காமல் பணம் கட்டியதற்கும் சான்றுதான். இரண்டாவது வாதத்துக்கு அது பலம், முதல் வாதத்துக்கு அது குழி.

“முப்பது வருஷம் இருந்தால் நமக்கே சொந்தம்” என்ற நம்பிக்கையும் இப்படித்தான். காலவரையறைச் சட்டத்தின்படி அரசு தன் நிலத்தை மீட்க வழக்குப் போடும் காலக்கெடு 30 ஆண்டு என்பது உண்மை. ஆனால் சும்மா குடியிருந்தால் போதாது. அரசுக்கு எதிராக, வெளிப்படையாக, இடைவிடாமல், உரிமையாளர் என்ற முறையிலேயே அனுபவித்ததாக நிரூபிக்க வேண்டும். நடுவில் ஒரு தடவை “ஐயா, எனக்குப் பட்டா வழங்குங்கள்” என்று மனுக் கொடுத்திருந்தால், அரசுதான் உரிமையாளர் என்று நீங்களே ஒப்புக்கொண்டதாக எதிர்த்தரப்பு காட்டும். பட்டா கேட்டு மனுக் கொடுக்காத ஊர் எது?

அதற்காக நீண்டகால அனுபவத்துக்குப் பயனே இல்லை என்று இல்லை. 1982-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த தும்மல கிருஷ்ணா ராவ் வழக்கை உங்கள் வக்கீலிடம் கட்டாயம் சொல்லுங்கள். அது ஹைதராபாத்தில் உஸ்மானியா பல்கலைக்கழகத்துக்காக எடுத்த நிலம் பற்றியது. அங்கே பயன்பட்டதும் 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டமே. நெடுங்காலம் அனுபவத்தில் இருப்பவர் நேர்மையாக உரிமை கோரும்போது, அந்தத் தகராறை அரசு தனக்குத்தானே தீர்த்துக்கொண்டு சுருக்கமுறையில் வெளியேற்ற முடியாது, சிவில் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டுத்தான் ஆக வேண்டும் என்று தீர்ப்பு. உங்களிடம் பழைய கிரயப் பத்திரமோ, பாட்டன் காலத்துப் பட்டாவோ, அடமானப் பத்திரமோ இருந்தால் இந்தத் தீர்ப்பு உங்களுக்கானது. எதுவும் இல்லாமல் ஸ்டாம்ப் பேப்பரில் எழுதி வாங்கிய இடமென்றால் இதை நம்பி இறங்காதீர்கள்.

நான்காம் படி: பதில் எழுதுங்கள்

சொன்ன தேதிக்குள் எழுத்தில் பதில் போக வேண்டும். ஊர்க்காரர்கள் எல்லாரும் சேர்ந்து ஒரே மனுவில் கையெழுத்துப் போடுவது பலமாகத் தெரியும். ஆனால் நோட்டீஸ் தனித்தனியாக வந்திருந்தால் பதிலும் தனித்தனியாகத்தான் போக வேண்டும். கூட்டு மனு கூடுதலாக இருக்கட்டும். நடை எளிமையாக இருந்தால் போதும்:

“வட்டாட்சியர் அவர்களுக்கு. ஐயா, தங்கள் அலுவலக நோட்டீஸ் இன்ன எண், இன்ன தேதியிட்டது, எனக்கு இன்ன தேதியில் கிடைத்தது. மேற்படி இடத்தில் இன்ன ஆண்டு முதல் குடும்பத்துடன் குடியிருந்து வருகிறேன். நோட்டீஸில் கண்ட சர்வே எண்ணும் பரப்பும் என் வீடு இருக்கும் இடத்துக்குப் பொருந்தவில்லை என்பதால், என் முன்னிலையில் அளந்து, நகல் வழங்கக் கோருகிறேன். இந்த நோட்டீசுக்கு அடிப்படையான வி.ஏ.ஓ. அறிக்கை, நில அளவை வரைபடம் ஆகியவற்றின் நகல்களையும் கோருகிறேன். அவை கிடைத்தபின் கூடுதல் விளக்கம் தர அனுமதி வேண்டும். என்னை நேரில் விசாரிக்கத் தேதி குறிப்பிடுமாறு கேட்டுக்கொள்கிறேன். என் விளக்கத்தைப் பரிசீலித்துக் காரணங்களுடன் உத்தரவு பிறப்பிக்கும்வரை மேல் நடவடிக்கை எடுக்க வேண்டாம் என்றும் கேட்டுக்கொள்கிறேன்.”

இதன் நடுவில் உங்கள் வாதத்துக்கேற்ப இரண்டு மூன்று பத்தி சேருங்கள். சான்றுகளின் நகல்களை எண் போட்டு இணையுங்கள், அசலைக் கொடுக்கவே கொடுக்காதீர்கள். நேரில் கொடுத்தால் உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் சண்டை வேண்டாம், அன்றே ஸ்பீட் போஸ்டில், சேர்ப்பித்ததற்கான அத்தாட்சி கேட்டு அனுப்புங்கள். நோட்டீஸில் தந்த அவகாசம் மிகக் குறைவென்றால், கூடுதல் நாள் கேட்டுத் தனிக் கடிதம் கொடுங்கள். கேட்காதவருக்கு அவகாசம் மறுக்கப்பட்டதாகச் சொல்ல முடியாது.

ஐந்தாம் படி: விசாரணையும் உத்தரவும்

விசாரணைக்கு அழைத்தால் போங்கள். சிறிய தாலுகா அலுவலகங்களில் இது ஐந்து நிமிடம் நின்றபடி நடக்கும் ஒரு பேச்சாக இருக்கலாம். வந்த தேதியையும், யாரிடம் என்ன சொன்னீர்கள் என்பதையும் அன்று மாலையே ஒரு கடிதமாக எழுதி அலுவலகத்துக்கு அனுப்பிவிடுங்கள். படிக்காமல் எந்த வாக்குமூலத்திலும் கையெழுத்து வேண்டாம். “நானே காலி செய்துகொள்கிறேன்” என்று ஒரு வரி அதில் ஒளிந்திருந்தால் எல்லாம் முடிந்தது.

உத்தரவு வந்ததும் ஒரே ஒரு கேள்வியோடு படியுங்கள்: நான் சொன்னதற்குப் பதில் இருக்கிறதா? “தங்கள் விளக்கம் ஏற்கத்தக்கதாக இல்லை” என்ற ஒற்றை வரியைக் காரணமாக நீதிமன்றங்கள் ஏற்பதில்லை. 1977-இல் மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்ன ஒரு விதி இங்கே பயன்படும்: உத்தரவில் இல்லாத காரணங்களைப் பின்னால் பதில் மனுவில் சேர்த்து அதை நிமிர்த்த முடியாது.

ஆறாம் படி: மேலே போவது

நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் 10-ஆவது பிரிவில் மேல்முறையீடு உண்டு. தாசில்தாரின் உத்தரவென்றால் அவருக்கு மேலுள்ள வருவாய் அதிகாரியிடம். அது கோட்டாட்சியரா, கலெக்டரா என்பதை உத்தரவைப் பார்த்தோ வக்கீலைக் கேட்டோ உறுதி செய்துகொள்ளுங்கள். காலக்கெடு பற்றி வாதிக்கும் நிலையே வராதபடி 30 நாளுக்குள், முடிந்தால் முதல் வாரத்திலேயே போடுங்கள். மேல்முறையீடு போட்டதாலேயே புல்டோசர் நிற்காது. உத்தரவை நிறுத்தி வைக்கக் கோரும் மனுவைத் தனியாகச் சேர்த்துப் போட வேண்டும். இதை மறந்துவிட்டு, “நான்தான் அப்பீல் போட்டிருக்கேனே” என்று இடிபாட்டின் முன் நின்று சொல்வதில் பயனில்லை.

உயர் நீதிமன்றத்துக்கு அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவில், ரிட் மனுவோடு நேரடியாகப் போகலாமா? போகலாம், ஆனால் எந்தக் கட்டத்தில் போகிறீர்கள் என்பதைப் பொறுத்து வரவேற்பு மாறும். ஏழு நோட்டீஸை மட்டும் எதிர்த்துப் போனால், “பதில் கொடு, அதிகாரி பரிசீலிக்கட்டும்” என்று அனுப்பிவிடுவது வழக்கம். அதுவும் மோசமில்லை, பரிசீலிக்கும்வரை பாதுகாப்புக் கிடைக்கும். இறுதி உத்தரவை எதிர்த்துப் போனால், “மேல்முறையீடு இருக்கிறதே” என்பார்கள். ஆனால் நோட்டீஸே தராமலோ, பேச்சைக் கேட்காமலோ, அதிகாரமில்லாத ஒருவர் உத்தரவு போட்டோ இருந்தால், மாற்று வழி இருப்பது ரிட் மனுவுக்குத் தடையல்ல. வேர்ல்பூல் வழக்கில் 1998-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியிருக்கிறது. இடிப்பு நாளை என்றால் அவசர மனுவாக அன்றே எடுத்துக்கொள்ளும்படி கேட்கலாம். தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை.

சிவில் நீதிமன்றம் நில உரிமைத் தகராறுக்கான இடம். அரசு மீது வழக்குப் போட இரண்டு மாத முன்னறிவிப்பு தர வேண்டும் என்று சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80-ஆவது பிரிவு சொல்கிறது. அவசரமென்றால் நீதிமன்ற அனுமதியோடு அதைத் தவிர்க்கலாம். ஆக்கிரமிப்புச் சட்ட உத்தரவை மட்டும் எதிர்த்து இங்கே போனால் சட்டத் தடை குறுக்கே வரும், உங்களிடம் உரிமைப் பத்திரம் இருந்தால் மட்டும் யோசியுங்கள்.

வக்கீல் செலவைப் பற்றிக் கவலையென்றால், பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசச் சட்ட உதவி உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்பு இருக்கிறது. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100-ஐ அழையுங்கள்.

“கோர்ட் ஆர்டர் இருக்கு” என்றால்

இன்று நடக்கும் பல அகற்றல்கள் யாரோ போட்ட பொதுநல வழக்கின் விளைவு. அதில் குடியிருப்பவர்கள் தரப்பே இருக்காது. ஒருநாள் ஜீப் வந்து நிற்கும், “ஹைகோர்ட் ஆர்டர், நாங்க ஒண்ணும் பண்ண முடியாது” என்பார்கள். பயப்படாமல் வழக்கு எண்ணைக் கேளுங்கள். உயர் நீதிமன்ற இணையதளத்தில் அந்த உத்தரவை எடுத்து முழுதாகப் படியுங்கள். இத்தகைய உத்தரவுகளில் “சட்டப்படி நோட்டீஸ் கொடுத்து, வாய்ப்பளித்து” என்ற வரி பெரும்பாலும் இருக்கும். அந்த வரியை விட்டுவிட்டு மற்றதை மட்டும் நிறைவேற்ற வந்தால், உத்தரவை மீறுவது நீங்களல்ல. அந்த வரி இல்லாமல் நேரடியாக அகற்றச் சொல்லியிருந்தால், அதே வழக்கில் உங்களைச் சேர்க்கக் கோரியோ மறுஆய்வு கேட்டோ உடனே மனுப் போட வேண்டும். 2022 டிசம்பரில் ஹல்த்வானி ரயில்வே நிலத்திலிருந்து ஒரு வார நோட்டீஸில் ஆயிரக்கணக்கான குடும்பங்களை அகற்றச் சொன்னது உத்தராகண்ட் உயர் நீதிமன்றம். அந்த உத்தரவை 2023 ஜனவரி 5 அன்று உச்ச நீதிமன்றம் நிறுத்தி வைத்தது. ஒரு வாரத்தில் இத்தனை பேரை அப்புறப்படுத்துவதையும் மறுவாழ்வையும் பற்றித்தான் அங்கே கேள்வி எழுந்தது.

2024 தீர்ப்பு யாருக்கு?

2024 நவம்பர் 13 அன்று உச்ச நீதிமன்றம் இடிப்புகள் பற்றி வழங்கிய தீர்ப்பை வாட்ஸ்அப்பில் பார்த்திருப்பீர்கள். பதிவுத் தபாலில் நோட்டீஸ், கட்டடத்திலும் ஒட்ட வேண்டும், 15 நாள் அவகாசம், நேரடி விசாரணை, காரணத்துடன் உத்தரவு, அதற்குப் பிறகும் 15 நாள், இடிப்பை வீடியோ எடுக்க வேண்டும், மீறிய அதிகாரி தன் சொந்தச் செலவில் ஈடு செய்ய வேண்டும். எல்லாம் அதில் உண்டு. ஆனால் அந்த வாட்ஸ்அப் செய்தியில் இல்லாத ஒரு பத்தியும் தீர்ப்பில் இருக்கிறது: சாலை, தெரு, நடைபாதை போன்ற பொது இடங்களிலும், ரயில் பாதையை ஒட்டியும், ஆறு மற்றும் நீர்நிலைகளிலும் உள்ள அனுமதியற்ற கட்டுமானங்களுக்கும், நீதிமன்றமே இடிக்கச் சொன்ன வழக்குகளுக்கும் இந்த வழிமுறைகள் பொருந்தாது. எனவே ஓடைக்கரையில் நின்றுகொண்டு இந்தத் தீர்ப்பைக் காட்டினால் வேலைக்காகாது. அங்கே உங்களுக்குத் துணை 1905, 2007 சட்டங்களின் நோட்டீஸும் ஓல்கா டெல்லிஸும்தான்.

மாற்று இடம்

நோட்டீசுக்குப் பதில் எழுதும்போதே இதற்கும் அடித்தளம் போட வேண்டும். எத்தனை ஆண்டு குடியிருப்பு, குடும்பத்தில் எத்தனை பேர், பிள்ளைகள் எந்தப் பள்ளி, வேலை எங்கே, சொந்த வீடோ நிலமோ வேறெங்கும் இல்லை என்பதையெல்லாம் பதிலில் சேருங்கள். நகரங்களில் கணக்கெடுப்பு நடத்திப் பயோமெட்ரிக் எடுப்பார்கள். “எடுத்தால் காலி பண்ணச் சம்மதித்த மாதிரி” என்று ஒதுங்கினால், பட்டியலில் பெயர் இல்லாமல் போகும். பெயரைச் சேர்த்துவிட்டு, சம்மதமில்லை என்பதைத் தனிக் கடிதத்தில் எழுதுங்கள். நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் ஒதுக்கும் வீடு பெரும்பாக்கம், கண்ணகி நகர் போல வேலையிடத்துக்குத் தொலைவில் இருக்கலாம். அருகில் கேட்டு மனுக் கொடுங்கள், தேர்வுக்காலத்தில் அகற்ற வேண்டாம் என்று கேளுங்கள். இதெல்லாம் உரிமை என்று அடித்துச் சொல்ல முடியாது, ஆனால் நீதிமன்றங்கள் காது கொடுத்துக் கேட்கும் கோரிக்கைகள் இவைதான்.

இடிப்பு நாள்

எல்லாம் செய்தும் வண்டி வந்துவிட்டால், உத்தரவின் நகலைக் கேளுங்கள், வந்த அதிகாரியின் பெயரையும் பதவியையும் குறித்துக்கொள்ளுங்கள். தடையாணை இருந்தால் அதன் நகலைக் கையில் கொடுத்துப் போட்டோ எடுங்கள். அதே நேரம் உங்கள் வக்கீல் நீதிமன்றத்தில் இருக்க வேண்டும். கை வைக்காதீர்கள், கல் எடுக்காதீர்கள். அரசு ஊழியரைத் தடுத்ததாகப் பாரதிய நியாய சன்ஹிதாவில் வழக்கு வரும், நில ஆக்கிரமிப்புச் சட்டத்திலேயே தடுப்பவரை விசாரித்துக் காவலில் வைக்க வழி இருக்கிறது. ஒருவர் தொடர்ந்து வீடியோ எடுக்கட்டும், மற்றவர்கள் பத்திரப் பெட்டி, மருந்து, பாடப்புத்தகம், சிலிண்டர் என்ற வரிசையில் வெளியே எடுக்கட்டும். எழுத்து நோட்டீசுக்குப் பிறகும் எடுக்காமல் விட்ட கட்டுமானப் பொருளும் பயிரும் பறிமுதலாகலாம் என்று 6-ஆவது பிரிவே சொல்வதால், ஓடு, கதவு, ஜன்னலைக் கடைசி நாள்வரை விட்டு வைக்காதீர்கள்.

மறுநாள் காலை மகஜரின் (அகற்றியபோது அந்த இடத்திலேயே எழுதிய பதிவின்) நகல் கேட்டு ஒரு மனு, எடுத்துச் சென்ற பொருள்களின் பட்டியல் கேட்டு இன்னொரு மனு. நடைமுறை மீறப்பட்டிருந்தால் இழப்பீடு கோரும் ரிட் மனுவுக்கு இவை இரண்டும் வேண்டும். அப்புறம் ரேஷன் கார்டு, ஆதார் முகவரி மாற்றத்தை மாற்று இடம் உறுதியாகும்வரை தள்ளிப்போடுங்கள். பழைய முகவரிதான் ஒதுக்கீட்டுப் பட்டியலில் உங்கள் பெயரைத் தாங்கி நிற்கிறது.